இரும்பு அலமாரியும் மூன்று புத்திசாலிகளும்

"கடைசியா சாவியை எங்கப்பா பாத்தீங்க?"

"அவ கழுத்துல."

மகள் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து, எதிரே நின்ற இரும்பு அலமாரியைப் பார்த்தாள். அதுவும் அசையாமல் அவளைப் பார்த்தது.

அம்மா போய் நான்கு மாதம் ஆகிறது. ஆஸ்பத்திரியில் ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கொடுத்த பொருள்களில் மூக்குக்கண்ணாடி இருந்தது, கைக்கடிகாரம் இருந்தது, பாதி தீர்ந்த தைலப் புட்டி இருந்தது. கறுப்புக் கயிற்றில் கோத்து எப்போதும் கழுத்தில் கிடந்த அலமாரிச் சாவி மட்டும் இல்லை. கேட்டிருக்கலாம். அன்றைக்கு யாருக்கும் சாவி ஞாபகம் வரவில்லை.

இன்றைக்கு வந்தது. மகளுடைய நர்ஸ் படிப்புச் சான்றிதழின் அசல் அந்த அலமாரிக்குள் இருக்கிறது. இரண்டு வருஷம் காத்திருந்து கிடைத்த வேலை. மாலை ஐந்து மணிக்குள் அசலைக் கொண்டுபோய்க் காட்ட வேண்டும். இல்லாவிட்டால் பட்டியலில் அடுத்த பெயரைக் கூப்பிட்டுவிடுவார்கள். இப்போது மணி பத்து.

அப்பாவைத் தெருவில் எல்லோரும் லிஃப்ட்காரர் என்பார்கள். முப்பத்தொரு வருஷமாக லிஃப்ட் பழுதுபார்க்கும் வேலை. கை ராசியான மனிதர், பேச்சில்தான் கஞ்சம். 'ம்', 'ஆகட்டும்', 'பாக்கலாம்' ஆகிய மூன்றை வைத்துக்கொண்டு ஒரு வாரத்தை ஓட்டிவிடுவார். லிஃப்ட் ஓடவில்லை என்று கூப்பிடுகிறவர்களில் பாதிப் பேர், ஏதோ ஒரு மாடியில் கதவைச் சரியாகச் சாத்தாதவர்கள். அவர் மூட்டு வலியோடு ஆறு மாடி ஏறிப் போய், கதவைச் சாத்திவிட்டு, யாரையும் ஒரு வார்த்தை சொல்லாமல் இறங்கி வருவார்.

"வீட்டுல இருக்கிற சாவியெல்லாம் போட்டுப் பாக்கலாம்பா."

"ம்."

சமையலறை டப்பாக்கள் கவிழ்ந்தன. மெத்தை புரண்டது. பதினொன்றரை மணிக்குள் பத்தொன்பது சாவிகள் கிடைத்தன. அவற்றில் பாதி, இப்போது இல்லாத வீடுகளின் கதவுகளுக்கு உரியவை. பதினேழு சாவிகள் துளைக்குள் நுழையவே இல்லை. ஒன்று நுழைந்து, சும்மா சுற்றியது. கடைசிச் சாவி பாதிவரை போய் நின்றது.

மகள் தாய்மாமனுக்குப் போன் போட்டாள். அம்மாவின் தம்பி. எந்த விஷயத்துக்கும் ஒரு வழி வைத்திருப்பவர். எந்த வழியும் எங்கேயும் போய்ச் சேர்ந்ததில்லை என்பது வேறு.

"பாதி போயிடுச்சா? அப்ப அதான் சாவி! துருப்பிடிச்சிருக்கும். எண்ணெய் விட்டு, சுத்தியலால லேசா ஒரு தட்டு தட்டச் சொல்லு அத்தானை."

லிஃப்ட்காரர் எண்ணெய் விட்டார். லேசாகத் தட்டினார். சாவியின் முன்பாதி உள்ளே தங்கிவிட்டது. பின்பாதி கையோடு வந்தது.

"என்னாச்சு?" என்றது போன்.

"ஒடிஞ்சிடுச்சு மாமா."

"தொடாதீங்க. நான் வர்றேன்."

மகள் தலையில் கை வைத்துக்கொண்டாள். லிஃப்ட்காரர் கையிலிருந்த பாதிச் சாவியை என்ன செய்வதென்று தெரியாமல் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

மாமன் பன்னிரண்டரைக்கு வந்தார். அலமாரியைச் சுற்றி வர இடமில்லாததால், அதன் முன்னால் இப்படியும் அப்படியும் நடந்தார்.

"முன்பக்கம் பூட்டியிருந்தா என்ன அத்தான்? பின்பக்கத் தகட்டைக் கழட்டிடுவோம். நாலே நாலு ஸ்க்ரூ. திருடனே அப்படித்தான் செய்வான்."

"ஆகட்டும்" என்றார் லிஃப்ட்காரர்.

அலமாரி பின்சுவரோடு ஒட்டி நின்றது. ஒரு பக்கம் அத்தான், மறுபக்கம் மைத்துனர். கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தினார்கள். மூன்றாவது இழுப்பில் முன்கால் ஒன்று மடங்கியது.

"பிடிங்க அத்தான்!"

"நீ பிடி."

யாரும் பிடிக்கவில்லை. அலமாரி வெகு நிதானமாக, சாப்பாடு முடிந்து படுக்கப் போகிற ஆளைப் போல, கட்டிலின் மேல் முகம் குப்புற விழுந்தது. கட்டில் ஒரு தடவை முனகிவிட்டு நடுவில் உடைந்தது.

கீழ்வீட்டுக்காரர் வந்து, "பூகம்பமா?" என்று கேட்டார். "இல்ல, சான்றிதழ் எடுக்கிறோம்" என்றாள் மகள். அவர் வந்த வழியே திரும்பிப் போனார்.

புழுதி அடங்கியபின் பின்பக்கத் தகடு தெரிந்தது. ஸ்க்ரூ ஒன்றுகூட இல்லை. நான்கு ஓரமும் வெல்டிங்.

"அந்தக் காலத்து வேலை" என்றார் மைத்துனர், தானே செய்தது போன்ற பெருமையோடு. "அறுத்துடலாம். என்கிட்ட மிஷின் இருக்கு."

மிஷின் வரும்போது மணி இரண்டு. சக்கரம் தகட்டைத் தொட்டதும் பொறி பறந்து ஜன்னல் திரையில் விழுந்தது. மகள் பாய்ந்து பிளக்கைப் பிடுங்கினாள்.

"மாமா! உள்ள இருக்கிறது காகிதம்!"

"அட, ஆமா."

அவள் திரையை நனைத்துவிட்டு வந்து, வேலை கொடுத்த ஆஸ்பத்திரிக்குப் போன் செய்தாள். ஒரு நாள் அவகாசம் கேட்டாள். அலமாரி பூட்டியிருக்கிறது என்றாள். எதிர்முனையில் ஒரு பெண் குரல் வெகு மரியாதையாக, "பூட்டியிருக்குன்னு ஒரு கடிதம் எழுதிக் குடுங்கம்மா. நாங்க அதை ஃபைல்ல வச்சுட்டு அடுத்தவங்களைக் கூப்பிடுறோம்" என்றது.

மூன்று பேரும் தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். உட்கார வேறு இடமும் இல்லை.

"அக்கா எதுக்குத்தான் இப்படிப் பூட்டிப் பூட்டி வச்சாளோ" என்றார் மைத்துனர். "சொந்தப் புருஷன் கையில ஒரு சாவி குடுத்தா என்ன? கோவிச்சுக்காதீங்க அத்தான். அவளுக்கு உங்க மேல அந்த விஷயத்துல நம்பிக்கை கிடையாது."

லிஃப்ட்காரர் கோபித்துக்கொள்ளவில்லை. அது அவருக்குத் தெரிந்ததுதான். கல்யாணமான புதிதில் அவளுடைய பள்ளிச் சான்றிதழ்களை நகல் எடுக்கக் கொண்டுபோய், பஸ்ஸிலேயே விட்டுவிட்டு வந்தவர் அவர். அவள் திட்டவில்லை. அடுத்த வாரம் இந்த அலமாரியை வாங்கினாள், சாவியைக் கயிற்றில் கோத்துக்கொண்டாள். அன்றிலிருந்து அவருடைய வேலைப் பதிவுப் புத்தகம், மாற்றுக் கண்ணாடி, ஷேவிங் பிளேடுகூட உள்ளேதான். எது வேண்டுமென்றாலும் அவளைக் கூப்பிட வேண்டும். அவள் கை ஈரத்தைத் துடைத்துக்கொண்டு வந்து, குனிந்து, சாவியைப் போட்டுத் திருகி, எடுத்துக் கொடுத்துவிட்டுப் பூட்டுவாள். தான் ஒரு பொருளை நம்பி ஒப்படைக்கத் தகாத ஆள் என்பதை அந்தச் சாவி திரும்பும் சத்தம் அவருக்குத் தினமும் நினைவுபடுத்தும். அவரும் தகராறு செய்ததில்லை, தப்பு தன்னுடையது.

அவள் போனபின் பதிவுப் புத்தகம் தொலைந்துவிட்டது என்று ஆபீஸில் எழுதிக்கொடுத்துப் புதிதாக வாங்கிக்கொண்டார். புதுக் கண்ணாடியும் வாங்கினார். அலமாரிப் பக்கம் போகவில்லை.

"அப்பா, ஏதாவது ஒரு வார்த்தை பேசுங்களேன்" என்றாள் மகள். "அம்மா இருந்தா ரெண்டு திட்டாவது திட்டியிருப்பாங்க. நீங்க 'ம்'முன்னு உக்காந்திருக்கீங்க."

அவர் வாயைத் திறந்தார். சொல்ல நிறைய இருந்தது போலத்தான் இருந்தது. எதை முதலில் எடுப்பது என்று தெரியவில்லை. எழுந்து செருப்பைப் போட்டுக்கொண்டு பூட்டுக்காரரைத் தேடிப் போனார்.

மார்க்கெட் முனையில் சின்னப் பெட்டிக்கடை வைத்திருந்த பூட்டுக்காரர் மூன்றேகாலுக்கு வந்து சேர்ந்தார். வயதானவர். அறை வாசலிலேயே நின்று, உடைந்த கட்டிலையும், குப்புறக் கிடந்த அலமாரியையும், ஈரத்திரையையும் வரிசையாகப் பார்த்தார்.

"முதல்ல அதை நிமித்துங்க."

நிமிர்த்தினார்கள். மடங்கிய காலுக்கு அடியில் மைத்துனர் இரண்டு செங்கல்லைக் கொடுத்தார். பூட்டுக்காரர் கருவிப் பெட்டியைத் திறக்கவில்லை. துளையை உற்றுப் பார்த்தார்.

"இதுல யாரு சாவியை ஒடிச்சது?"

"நான்" என்றார் லிஃப்ட்காரர்.

"கைப்பிடியைத் திருப்பிப் பாத்தீங்களா?"

மூன்று பேரும் கைப்பிடியைப் பார்த்தார்கள்.

"பூட்டின அலமாரியோட கைப்பிடியை எதுக்குங்க திருப்பணும்?" என்றார் மைத்துனர்.

பூட்டுக்காரர் கைப்பிடியைப் பிடித்துக் கீழ்நோக்கித் திருப்பினார். கதவு திறந்தது.

உள்ளேயிருந்து பழைய புடவைகளின் வாசம் வந்தது. மகள்தான் முதலில் அசைந்தாள். சரிந்து கிடந்த ஃபைல்களுக்குள் தேடி, நீல உறையை எடுத்து, பிரித்துப் பார்த்து, மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"மாமா, வண்டியை எடுங்க!"

இருவரும் தடதடவென்று படியிறங்கினார்கள். நாலரைக்குள் போய்விடலாம்.

அறையில் இரண்டு பேர் மிச்சம். லிஃப்ட்காரர் கதவைச் சாத்தினார். கைப்பிடியைத் திருப்பினார். திறந்தது. மறுபடி சாத்தினார், திருப்பினார். மறுபடியும் திறந்தது.

"பூட்டு எப்ப கெட்டுச்சு? விழுந்ததுலயா?"

"அதெல்லாம் இல்ல சார். ஒன்பது வருஷத்துக்கு முன்னாடியே உள்ள நாக்கு ஒடிஞ்சு போச்சு. நான்தான் வந்து பாத்தேன். அப்ப நீங்க வேலைக்குப் போயிருந்தீங்க. சாவி சும்மா சுத்தும், அவ்வளவுதான்."

லிஃப்ட்காரர் அலமாரியின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார். ஒன்பது வருஷம். காலையில் ஒரு தடவை, சாயங்காலம் ஒரு தடவை. அவள் குனிந்து, திருகி, திறந்து, பூட்டிய அத்தனை தடவையும்.

"புதுசு போட்டிருக்கலாமே" என்றார். பிறகு, அவருக்கே தூக்கிவாரிப் போடும்படி, மேலும் பேசினார். "பூட்டில்லைன்னு தெரிஞ்சா நானா எடுத்துத் தொலைச்சுடுவேன்னு பயந்தாளா? அதை எங்கிட்டயே சொல்லியிருக்கலாமே. நான் ஒண்ணும் சொல்லியிருக்க மாட்டேனே."

பூட்டுக்காரர் பெட்டியைத் தூக்கித் தோளில் மாட்டிக்கொண்டார்.

"புதுசு போடறேன்னு நானும் சொன்னேன் சார். 'வேண்டாம், இது கெட்டதையும் அவர்கிட்ட சொல்லிடாதீங்க'ன்னாங்க அம்மா. 'ஒரு நாளைக்கு அவர் என்கிட்ட வாயைத் திறக்கிறதே சாவி கேக்கத்தான்'னாங்க."