பதின்மூன்றாம் வாரக் கொலையாளி

டி.வி. இயக்குநர் சங்கரலிங்கம் கொலை செய்வதில் கெட்டிக்காரர். முதல் வாரம் பிணம் விழும். பதின்மூன்றாம் வாரம் இன்ஸ்பெக்டர் கொலையாளியைப் பிடிப்பார். இப்படியே மூன்று தொடர் எடுத்துப் பேர் வாங்கியவர், 1993-ல் சொந்த மண்ணுக்கு ஒரு பெருமை தேடித்தர நினைத்து, பந்தல்குடி ரோட்டுக் கருவேலங்காட்டில் ஒரு பிணத்தைப் போட்டார். திருச்சுழிக்காரர்களான எங்களுக்குப் பெருமை தாங்கவில்லை.

பத்து வாரம் ஓடியது. கொலையாளி லாரி டிரைவர் என்ற ரகசியம் எப்படியோ கசிந்துவிட்டது. டி.வி. நிலையத்தின் ஒப்புதல் அதிகாரி பொன்னுச்சாமி கூப்பிட்டு விட்டார்.

"லாரி டிரைவர் சங்கத்துல மனு வந்திருக்கு. எத்தரப்பார் மனமும் புண்படலாகாது. ஆளை மாத்துங்க."

சங்கரலிங்கம் கொலையாளியைப் பருத்தி வியாபாரியாக மாற்றினார். அருப்புக்கோட்டையில் கடையடைப்பு. விவசாயியாக மாற்றினார். மாட்டோடு மறியல்.

"ஒரு ரவுடியைப் போட்டுருவோமா சார்?"

"அவுகளுக்குத்தான் ரொம்பப் பெரிய சங்கம்."

"அப்ப தற்கொலைன்னு முடிச்சிருறேன்."

"பத்து வாரமா இன்ஸ்பெக்டர் சும்மாவா சுத்துனாரு? காவல்துறை மனம் புண்படும். வெள்ளிக்கிழமைக்குள்ள சங்கமில்லாத ஆளாப் பாத்துச் சொல்லுங்க. இல்லன்னா அந்த நேரத்துல கத்தரிக்காய் சாகுபடி நிகழ்ச்சி வரும்."

உள்ளே வந்த கத்தரிக்காயை வெளியேற்றிய இயக்குநர் இதுவரை யாருமில்லை. பிழைப்பே போய்விடும் என்று சங்கரலிங்கம் மனைவி செல்வலட்சுமியிடம் அழாத குறையாகச் சொன்னார்.

"நீங்க எந்தச் சங்கத்துலயாவது இருக்கீகளா?"

"இல்லையே."

"அப்ப நீங்களே கொன்னதா வச்சிருங்க."

பொன்னுச்சாமி அதையும் மறுத்தார். "கொலைகாரனுக்கா அனுமதி குடுத்தோம்னு ஆபீஸுக்குக் கெட்ட பேரு வரும்."

செல்வலட்சுமி யோசித்தாள். "வாராவாரம் உக்காந்து பாக்குறாகளே, அவுகளுக்குச் சங்கம் இருக்கா?"

சங்கப் பதிவேட்டை அதிகாரி இருமுறை புரட்டினார். இல்லை. 'ஆட்சேபணை இல்லை' என்று முத்திரை விழுந்தது.

பதின்மூன்றாம் வாரம் காளிராஜ் வீட்டு டி.வி. முன்னால் நாற்பது பேர் உட்கார்ந்திருந்தோம். இன்ஸ்பெக்டர் தொப்பியைச் சரிசெய்தார். நேராக எங்களைப் பார்த்து விரலை நீட்டினார்.

"கொலையாளி நீங்கதான்."

வீரணன், "எனக்கு அன்னைக்கே சந்தேகம்" என்றபடி பக்கத்திலிருந்த சோலையைப் பார்த்தான். சோலை தனக்குப் பக்கத்தில் இருந்தவனைப் பார்த்தான்.

மறுநாள் காலை போலீஸ் ஸ்டேஷனுக்கு நாற்பது மனு போனது. எல்லாம் பக்கத்து வீட்டுக்காரன் மேல். என் பக்கத்து வீடு காளிராஜ் வீடு. ஓசியில் டி.வி. காட்டும்போதே நினைத்தேன் என்று என் மனுவில் தெளிவாகவே எழுதியிருக்கிறேன்.