உலக்கையில பழகுன வேட்டு

பொண்ணு பாக்கப் போன எடத்துல பொய் சொல்லாத ஆம்பளைய நான் இன்னும் பாக்கல. சொல்லுங்க, தப்பில்ல. ஆனா துப்பாக்கி சுடுவேன்னு மட்டும் சொல்லிராதீக. மத்த பொய்ய எப்படியாச்சும் மூடி மறைச்சிரலாம். இத நாலு பேரு முன்னாடி சுட்டுல்ல காமிக்கணும்.

அப்ப மலைக்கு மேல பெரியாத்துல அணை கட்டிக்கிட்டிருந்தாக. கீழருந்து சுண்ணாம்பு ஏத்திட்டுப் போற வண்டி நமக்கு. ரெண்டு மாடு. அதுல வலத்து மாடு செவிடு. (செவிடுன்னு தெரியாம சந்தையில புடிச்சாந்த புத்திசாலி நாந்தான். அது தனிக் கதை, இப்ப வேணாம்.) அதுகிட்டக் கத்திக் கத்தியே என் தொண்டை கோயில் மணி கணக்கா ஆயிருச்சு. நான் இங்கன மாட்ட அதட்டுனா, ரெண்டு வளைவு தள்ளி வர்ற வண்டிக்காரன் "என்னப்பா"ம்பான்.

வருசநாட்டுல ஒரு பொண்ணு இருக்குன்னு போனோம். பொண்ணோட அய்யாவுக்குக் காட்டோரமா சோளக் கொல்லை. வெளைஞ்சதுல பாதி காட்டுப்பன்னிக்கு. அதனால அந்த மனுசன் கேட்டது ஒரே கேள்விதான்.

"மாப்ளைக்குச் சுடத் தெரியுமா?"

"அணையில துரைகூடச் சேந்து சுட்டிருக்கேன்"னேன். (துரை சுட்ட கொக்கத் தண்ணிக்குள்ள எறங்கி எடுத்துட்டு வந்தது நானு. அப்பச் சேந்துதான?)

பொண்ணக் குடுத்துட்டாரு. கூடவே ஒரு வார்த்தையும் சொன்னாரு. "மாட்டுப்பொங்கலுக்கு எங்க ஊருல தேங்கா சுடுற போட்டி நடக்கும். மாப்ள வந்து சுடணும். சொன்னது பொய்யின்னா எம் பொண்ணு இங்கனயே இருந்துக்கிரும்."

கல்யாணம் முடிஞ்சு மூணாம் நாளு பொண்டாட்டி பேச்சியம்மாகிட்ட உண்மையச் சொன்னேன். அவ அழுகல. எந்திரிச்சுப் போயி உலக்கைய எடுத்துட்டு வந்தா. வீட்டுல துப்பாக்கி ஏது? அண்ணன்மாரு சுடுறதப் பாத்தே வளந்தவ அவ.

"தோள்ல இறுக்கி வைங்க. கண்ண மூடுங்க."

மூடுனேன்.

"ரெண்டையும் மூடிட்டு எதால பாப்பீக?"

முருங்கை மரத்துல ஒரு சொரக்குடுக்கையத் தொங்க விட்டா. நான் குறி வைக்கணும். உலக்கை வெடிக்குமா? அதனால நானே "டமார்"னு கத்தணும். அவ பக்கத்துல நின்னு உலக்கை நுனியப் பாத்து, "பட்டுருச்சு", "தப்பிருச்சு"ன்னு சொல்வா. காலையில அஞ்சு வேட்டு, சாயங்காலம் அஞ்சு வேட்டு. ஒரு மாசம். கடைசி வாரம் ஒண்ணு தப்பணுமே? மீசைய முறுக்க ஆரம்பிச்சுட்டேன்.

போட்டி அன்னைக்குப் புளியமரத்துக் கொப்புல கயித்தக் கட்டித் தேங்காயத் தொங்க விட்டிருந்தாக. மாமனாரு தன் துப்பாக்கியவே குடுத்தாரு. மருந்து கெட்டிச்சு, குண்டு போட்டு, கேப்பும் மாட்டி, "விசைய அமுக்குனாப் போதும் மாப்ள"ன்னாரு. எனக்கு முன்னால சுட்ட மூணு பேருக்கும் தப்பிருச்சு. தோள்ல இறுக்குனேன். ஒத்தக் கண்ண மூடுனேன். தேங்கா நல்லாத் தெரிஞ்சுச்சு.

"டமார்"னேன்.

மலை அத ரெண்டு தடவ திருப்பிச் சொல்லுச்சு. புளியமரத்துக் காக்கா மொத்தமும் பறந்துருச்சு. கட்டியிருந்த மாடு ரெண்டு கயித்த அத்துக்கிட்டு ஓடிருச்சு. நான் துப்பாக்கியப் பக்குவமா எறக்கி, உலக்கையச் சாத்துற மாதிரி மரத்துல சாத்தி வச்சேன். விசையத் தொடவே இல்ல.

அந்நேரம் பொம்பளைக கூட்டத்துல இருந்து என் பொண்டாட்டி, பழக்க தோசம், "பட்டுருச்சு"ன்னா.

தேங்கா பேசாமத் தொங்குது. பெரிய மச்சான் போயித் துப்பாக்கிய எடுத்துப் பாத்தான். "அய்யா, கேப்பு வெடிக்காம அப்படியே இருக்கு. மாப்ள வாயாலயே சுட்டுட்டாரு."

ஊரே உருண்டுச்சு. மாமனாரு மட்டும் சிரிக்கல. மகளக் கூப்புட்டாரு. போச்சு, வண்டியில தனியாத்தான் திரும்பணும் போல.

"ஏத்தா, இவருக்குச் சுடத் தெரியாதுன்னு ஒனக்கு எப்பத் தெரியும்?"

"பொண்ணு பாக்க வந்தன்னைக்கே தெரியும்யா. நீங்க துப்பாக்கியக் கையில குடுத்தீக. அவுக குழாய்க்குள்ள கண்ண வச்சுப் பாத்தாக."

(அவளுக்கு அன்னைக்கே தெரியுங்கிறது எனக்கே அப்பத்தான் தெரியும்.)

"தெரிஞ்சுமா கட்டிக்கிட்ட?"

"சுடத் தெரிஞ்சவுக நம்ம வீட்டுல நாலு பேரு இருக்கீக. எந்தப் பன்னி செத்துச்சுய்யா?"

மாமனாரு காலியாக் கெடந்த புளியமரத்த அண்ணாந்து பாத்தாரு. மாடு ஓடுன தெசையப் பாத்தாரு. "சரி, கூட்டிட்டுப் போங்க மாப்ள. ஆனா ஒண்ணு. கதிரு முத்துனா நீங்கதான் வந்து பரண்ல ஒக்காந்து கத்தணும்."

கத்துனேன். மூணு வெள்ளாமை கத்துனேன். ஒரு பன்னி எட்டிப் பாக்கல. நாலாம் வருசம் தொண்டை போயிருச்சு. போனது போனதுதான். இப்ப என் வாயில வர்றது வெறுங் காத்து. அது பேச்சியம்மா காதுக்கு மட்டுந்தான் வெளங்கும். அவதான் மத்தவுகளுக்கு எடுத்துச் சொல்லணும்.

அதுலதான் வம்பு. விசேச வீடுன்னா இந்தக் கதைய அவதான் சொல்வா. அவ சொல்றதுல தேங்கா ரெண்டா ஒடையுது. அந்தப் பக்கமாப் போன பன்னி ஒண்ணும் சாகுது. கேக்குறவுக எல்லாம் எம் பக்கம் திரும்பி, "நெசமாவா தாத்தா?"ம்பாக.

"அம்புட்டும் பொய்யி"ன்னு நான் கழுத்து நரம்பு பொடைக்கச் சொல்வேன்.

"ஆமாங்கிறாரு"ம்பா அவ.