படகை விற்காதே, மகளே

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. இந்தத் தடவை யாரையும் கெஞ்சி எழுதவைக்கவில்லை. பேனா என் கையில்தான் இருக்கிறது. இங்கே எல்லோரும் சுகம், உன் மாமாவின் முழங்கால் நீங்கலாக. நீயும் மாப்பிள்ளையும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். ஒரு பக்கம் முழுக்கச் சுகம் விசாரிக்க ஆசைதான், ஆனால் நான் எழுதும் வேகத்துக்கு அதற்குள் சனிக்கிழமை வந்துவிடும். சனிக்கிழமை பழைய இரும்புக்காரர் வந்து படகை எடுத்துப்போகட்டும் என்று சொல்லிவிட்டாயே, அதனால் முக்கியமானதை முதலில் எழுதுகிறேன். படகை விற்காதே. அது நேராக நிற்கிறது. இதைப் போனில் சொல்லக்கூடாதா என்பாய். போனில் சொன்னால் நீ குறுக்கே பேசுவாய்.

படகு வலது பக்கம் சாய்ந்ததைப் பார்த்து, ஏரியைச் சுற்றிப்பார்க்க வரும் ஜனங்கள் ஏறப் பயந்தார்கள், அதில் மனம் வெறுத்துத்தான் நீ டவுனில் வேலைக்குப் போனாய். சாய்வுக்குக் காரணம் தண்ணீர். நாற்காலி போட்டிருக்கும் தட்டைக் கீழிருந்து தாங்கும் இரண்டு காற்றுக் குழாய்களில் வலது குழாய்க்குள் ஏரி புகுந்து குடியிருந்திருக்கிறது. காலி செய்ய நானும் உன் மாமாவும் இறங்கினோம். தட்டின் பின்விளிம்பில் ஒரு தகடு ஒட்டியிருக்கிறதல்லவா, இத்தனை காலமும் அதைப் பூவேலை என்று நினைத்திருந்தேன். அது எழுத்து! மாமா ஸ்பேனரோடு கழுத்தளவுத் தண்ணீரில் நிற்க, நான் தட்டின்மேல் குப்புறப் படுத்து, தலையை வெளியே நீட்டி, எழுத்து எழுத்தாகக் கூட்டிப் படித்தேன். ‘பின்மூடியைக் கழற்றி நீரை வடிக்கவும்.’ படித்துவிட்ட சந்தோஷத்தில் இன்னொரு தடவை ராகத்தோடு படித்தேன். அதற்குள் மாமா கழற்றியே விட்டார். அப்புறம்தான் கீழே இன்னொரு வரி இருப்பது கண்ணில் பட்டது. ‘படகு கரையில் இருக்கும்போது மட்டும்.’

“மச்சான், தண்ணி வரலியே, குமிழி குமிழியா காத்துல்ல வருது!” என்றார் மாமா. காற்று வெளியே வந்தால் உள்ளே என்ன போகிறது என்று இருவரும் யோசித்துக்கொண்டிருக்கும்போதே படகு இன்னும் சாய்ந்தது, உன் பிளாஸ்டிக் நாற்காலிகள் குளிக்கப் போகிறவர்கள் மாதிரி ஒவ்வொன்றாக ஏரியில் இறங்கின, கடைசி நாற்காலியோடு நானும் இறங்கினேன், மாமா மூடியைத் தேடி முங்கி என் காலைப் பிடித்துத் திருகினார். கரையிலிருந்து உன் அம்மா, “ரெண்டு பேரும் படகைக் காலி பண்றீங்களா, ஏரியைக் காலி பண்றீங்களா?” என்று கேட்டாள். “அக்கா, நீ சும்மா இரு. எல்லாம் எழுதியிருக்கறபடிதான் நடக்குது” என்றார் மாமா.

பிறகு வெல்டிங்காரர் தன் வேனில் கயிறு கட்டி இழுத்துப் படகைச் சரிவில் ஏற்றினார். முன்பக்கம் உயர்ந்து பின்பக்கம் தாழ்ந்ததும் தண்ணீர் கொட்டியது பார், கொட்டிக்கொண்டே இருந்தது. நாங்கள் டீ குடித்து முடித்த பிறகும் நிற்கவில்லை. கடைசியில் ஒரு குட்டி மீன் வந்து விழுந்தது. “வாடகை குடுக்காம இருந்தவன் இவன்தான்” என்று மாமா அதை ஏரியில் விட்டார். மாமா முங்கியெடுத்த மூடியைத் திரும்ப மாட்டி, வெல்டிங்காரர் சைக்கிள் பம்பால் மெதுவாகக் காற்றடிக்க, உன் அம்மா பாத்திரம் தேய்க்கிற சோப்பைக் கரைத்துக் குழாய் முழுக்கப் பூசிக்கொண்டே வந்தாள். “இங்க பாருங்க, நுரைக்குது!” நகத்தளவு கீறல், அவ்வளவுதான். அதற்காகவா நீ மேசைமுன் உட்கார்ந்து அடுத்தவர் கணக்கைப் பார்ப்பது? வெல்டிங்காரர் அதை அடைத்துவிட்டார். சமதரையில் கட்டைமேல் ஏற்றி, கொத்தனாரின் ரசமட்டத்தை வைத்துப் பார்த்தேன். குமிழ் நட்டநடுவில் நிற்கிறது. “தரையில எந்தப் படகுங்க சாயும்?” என்கிறாள் உன் அம்மா. அவளுக்கு எதிலும் ஒரு நொட்டை.

ஆகவே இரும்புக்காரரிடம் வரவேண்டாம் என்று சொல்லிவிடு. உன் மேலதிகாரியிடமும் மரியாதையாகச் சொல்லிக்கொண்டு கிளம்பி வா. நீங்கள் இருவரும் எல்லா நலமும் பெற்று, நிமிர்ந்து இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
தானே கையெழுத்துப் போடும்
உன் அப்பா

பின்குறிப்பு: உறையை ஒட்டுவதற்குள் படகைத் தண்ணீரில் இறக்கிப் பார்த்தோம். இப்போது இடது பக்கம் சாய்கிறது. இரண்டு குழாயிலும் தண்ணீர் இருந்திருக்கிறது. வலதில் அதிகம் என்பதால் இடதின் குட்டு வெளியே வரவில்லை. நல்லதாகப் போயிற்று, பாதிப் படகு சரியாகிவிட்டது, மீதிப் பாதிக்கு வழி தெரியும். மாமா துண்டைக் கட்டிக்கொண்டு தயாராக நிற்கிறார், உன் அம்மா அவர் கையைப் பிடித்து நிறுத்தி வைத்திருக்கிறாள். அதனால் மேலே ‘நேராக நிற்கிறது’ என்று எழுதியதை மட்டும் அடித்துவிட்டுப் படி. ‘விற்காதே’ என்பதை அடிக்காதே. வரும்போது வலது பக்கமாக ஏறு.