கையெழுத்தை நிறுத்திய கேமரா

இந்த நாட்டில் புரட்சி வராமல் போனதற்கு ஆளுக்கொரு காரணம் சொல்கிறார்கள். வாலிநோக்கத்தைப் பொறுத்தவரை காரணம் நான்தான்.

சுதந்திரம் வந்து நான்கைந்து வருடம். எங்கு பார்த்தாலும் செங்கொடி. முதுகுளத்தூரில் மிளகாய் விளைவித்து அய்யா என்னைச் சட்டம் படிக்கச் சென்னைக்கு அனுப்பியிருந்தார். நான் சட்டத்தைக் கைவிட்டு, சாவி கொடுத்தால் ஓடும் சினிமா கேமரா ஒன்றை இரவல் வாங்கிக்கொண்டு ஊர் திரும்பினேன். தாடி வேறு. (பதினேழு முடிதான். ஆனாலும் தாடி.) உழைப்பவர்களின் எழுச்சியைப் படமெடுத்து உலகுக்குக் காட்டப்போகிறேனாம்.

வாலிநோக்கம் உப்பளத்தில் கூலி உயர்வு கேட்டு வேலைநிறுத்தம். அன்று, உப்பு சுமக்கும் காளியம்மாள் தலைமையில் பெண்கள் முதலாளியின் கொட்டகையை வளைத்துவிட்டார்கள். வியர்த்து நடுங்கிய முதலாளி, அவர்கள் நீட்டிய ஒப்பந்தத்தில் கையெழுத்திடப் பேனாவைத் திறந்தார். அப்போது பார்த்து என் பிலிம் ரோல் தீர்ந்தது. (பாதி ரோலைக் கொக்குகளுக்குச் செலவழித்திருந்தேன்.)

“நிறுத்துங்க! ரெண்டே நிமிசம், ரோல் மாத்திக்கிறேன். அப்புறம் வெளிச்சத்துக்கு வந்து போடுங்க!”

எல்லோரும் நின்றுவிட்டார்கள். நான் கால்சட்டை போட்ட படித்தவன் அல்லவா!

பிலிமில் வெளிச்சம் படாமலிருக்கக் கம்பளிக்குள் தலையை விட்டு மாற்றினேன். பிலிம் வழுக்கிக்கொண்டே போனது. இரண்டு நிமிடம் இருபதானது. அதற்குள் முதலாளி தண்ணீர் குடித்தார், முகம் துடைத்தார், தாளை முதல்முறையாகப் படித்தார். நான் தலையை வெளியே எடுத்தபோது அவர் பேனாவை மூடிக்கொண்டிருந்தார்.

“யோசிச்சுச் சொல்றேன்.”

காளியம்மாள் என் பக்கம் திரும்பினார். “ஏலே, பயத்துல படிக்காமலே போட இருந்தான். நீ படிக்க வச்சுட்டியே!”

“வெளிச்சம் பத்தலக்கா...”

“எங்க வீட்டு அடுப்புந்தான் பத்தல.”

வேலைநிறுத்தம் மேலும் பத்து நாள் நீண்டது. பிள்ளைகள் கஞ்சிக்கு வரிசையில் நின்றபோது கேமராவைத் தூக்க எனக்குக் கை வரவில்லை. பதினோராம் நாள் காளியம்மாள் தேனாகப் பேசினார்: “தம்பி, பக்கத்துல சிக்கல் ஊர்ல பெரிய ஊர்வலமாம். போய் எடுத்துட்டு வாங்க.”

போனேன். சிக்கலில் ஆடுகள்தான் ஊர்வலம் போயின. திரும்பி வந்தபோது கையெழுத்தாகி, வெல்லம் பங்கிட்டு, தின்றும் முடித்திருந்தார்கள்.

கதை எனக்கு முன்பே வீடு போய்ச் சேர்ந்துவிட்டது. அன்றிலிருந்து எங்கள் வீட்டில் எந்த நல்ல காரியம் முடிவானாலும் நான் கூடத்தில் இருப்பதில்லை. போன மாதம் மகளுக்குச் சம்பந்தம் பேச வந்தபோதும் வெற்றிலை வாங்க அனுப்பினார்கள். கடைத்தெருவெல்லாம் அலைந்து வாங்கி வந்தேன். வீட்டில் தட்டு நிறைய வெற்றிலை. மாப்பிள்ளை வீட்டார் போட்டு மென்றுகொண்டிருந்தார்கள்.