வெர்லினின் சம்பளச் சீட்டில் ஒரு மீன்வீடு

புத்தாண்டு அன்று ஊரில் மற்றவர்கள் குடியை விடுவதாகவும் தொப்பையைக் குறைப்பதாகவும் சபதம் எடுத்தார்கள். வெர்லின் தோர்ஸன் எடுத்த சபதமே வேறு. ஜனவரி முடிகிறவரைக்கும் வாசல் தபால்பெட்டியை லவோனுக்கு முன்னால் தான்தான் திறக்க வேண்டும்.

லவோன் அவன் மனைவி. அவளை அவன் எதிர்த்துப் பேசியதற்கு ஊரில் சாட்சி யாரும் கிடையாது.

விஷயம் இதுதான். வெர்லின் வேலை பார்ப்பது பனி அள்ளுகிற மண்வெட்டி செய்யும் தொழிற்சாலையில். பாதி வருஷம் பனி கொட்டுகிற மினசோட்டாவில் அந்தத் தொழிலுக்கு அழிவே இல்லை. டிசம்பரில், வருடம் முழுக்க விரலை வெட்டிக்கொள்ளாமல் வேலை பார்த்தவர்களின் பெயர்களை முதலாளி ஒரு வாளியில் போட்டுக் குலுக்கினார். முதல் பரிசு வெர்லினுக்கு. பரிசு என்னவென்றால், ஒரு மீன்வீடு. ஏரி உறைந்ததும் மேலே இழுத்துக்கொண்டு போய் நிறுத்துகிற, சக்கரம் வைத்த குட்டி வீடு. தரையில் நாலு ஓட்டை. ஓட்டைக்குக் கீழே தண்ணீர். தண்ணீரில் மீன். உள்ளே கணப்பு உண்டு, கட்டில் உண்டு, காபி வைக்கப் பலகை உண்டு. முக்கியமாக, லவோன் கிடையாது.

இத்தனை காலமும் வெட்டவெளிக் காற்றில் ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு, அதன்மேல் உட்கார்ந்து மீன் பிடித்தவன் அவன். மீன்வீட்டுச் சாவியை முதலாளி அவன் கையில் கொடுத்ததும் அத்தனை பேர் முன்னாலும் அழுதுவிட்டான். அதைப் போட்டோ வேறு எடுத்துவிட்டார்கள்.

ஆனால் வீட்டில் மூச்சு விட முடியுமா? வீட்டு அடுப்பில் நாலு பர்னரில் மூன்று செத்து வருஷக்கணக்காகிறது. ஓவன் கதவு மூடவே மூடாது. லவோன் நாற்காலியை முட்டுக் கொடுத்துத்தான் எதையும் வேகவைப்பாள். கிறிஸ்துமஸ் அன்று அந்த நாற்காலி நழுவி, வாத்து பாதி வெந்தும் பாதி உயிரோடும் சாப்பாட்டு மேஜைக்கு வந்தது.

"வெர்லின், புது அடுப்பு எப்ப வாங்கறே?"

"காசு எங்கே இருக்கு லவோன்? காசில்லாம ஒரு அடுப்பு தானா நடந்து வந்தா, நான் வேண்டாம்னா சொல்லப் போறேன்?"

இந்தப் பதிலை வெர்லின் எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறான். மீன்வீடு விஷயம் தெரிந்தால் அன்று சாயங்காலமே அதை விற்று அடுப்பு வாங்கிவிடுவாள். சந்தேகமே வேண்டாம்.

அதனால் அவன் பக்கத்து வீட்டு ஹார்லனைப் பிடித்தான். ஹார்லன் அதே தொழிற்சாலை. கட்டைப் பிரம்மச்சாரி. அதே குலுக்கலில் இரண்டாம் பரிசு அவனுக்கு: பளபளவென்று, ஓவனோடு சேர்ந்த புத்தம்புது மின்சார அடுப்பு. டின் சூப்பைச் சுடவைத்துக் குடித்தே காலம் தள்ளுகிறவனுக்கு அடுப்பு எதற்கு? அட்டைப்பெட்டியைக்கூடப் பிரிக்காமல் கார் ஷெட்டில் போட்டு, அதன்மேல் பூட்ஸைக் காயவைத்திருந்தான்.

ஏரியில் நிற்கிற மீன்வீட்டின் வெளிச்சுவரில் சொந்தக்காரன் பெயரும் விலாசமும் எழுதியிருக்க வேண்டும். அது சட்டம்.

"உன் பேரைப் போட்டுக்கறேன்டா," என்றான் வெர்லின்.

"என் பேரா? அப்ப வீடு யாருது?"

"வீடு என்னுதுதான். பேரு மட்டும் உன்னுது."

"ஏன்டா, லவோன்தான் ஐஸ்மேல காலே வைக்கமாட்டாளே?"

"அவ வைக்கமாட்டா. சர்ச்சுல அவகூட உக்காந்து காபி குடிக்கிறாங்களே, அவங்க புருஷன்மார் அத்தனை பேரும் வைப்பாங்களே!"

வெர்லின் தன் கையாலேயே சிவப்புப் பெயிண்டில், இரண்டு பூச்சு பூசி, கொட்டை எழுத்தில் எழுதினான்: ஹார்லன் ஹவ்கன். எழுதி முடித்துத் தள்ளி நின்று பார்த்தபோது தன் மூளையை நினைத்து அவனுக்கே பெருமையாக இருந்தது.

அந்தப் பெருமை டிசம்பர் கடைசிவரை நீடித்தது. அப்புறம்தான் உறைத்தது. வரிக் கணக்கில் கம்பெனி தருகிற பரிசும் சம்பளம்தான். அதன் விலையையும் சேர்த்துத்தான் வருஷச் சம்பளச் சீட்டு போடுவார்கள். ஜனவரி முடிவதற்குள் அது தபாலில் வீட்டுக்கு வரும். வருமான வரிக் கணக்கு எழுதுவதோ லவோன். புருஷன் வாங்குகிற சம்பளத்தை அவள் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சரியாகச் சொல்வாள்.

ஆகவேதான் அந்தத் தபால்பெட்டிச் சபதம். சபதம் பலித்தது. சீட்டு வந்த அன்றைக்கே அது வெர்லினின் கோட்டுக்குள் போய், அங்கிருந்து ஏரிக்குப் போய், மீன்வீட்டில் புழு வைக்கிற டப்பாவுக்கு அடியில் அடக்கமானது.

பிப்ரவரி பிறந்தது. லவோன் மெல்ல ஆரம்பித்தாள்.

"சம்பளச் சீட்டு இன்னும் வரலையா?"

"வரலையே."

"எல்லாருக்கும் வந்தாச்சாமே."

"தபால்ல தொலைஞ்சிருக்கும் லவோன். பனி பாரு எப்படிக் கொட்டுது!"

"கரண்ட் பில்லு மட்டும் எந்தப் பனியிலயும் தொலையமாட்டேங்குதே."

"நாளைக்கே ஆபீஸ்ல கேட்டுடறேன்."

"உனக்கு எதுக்குக் கண்ணு சிரமம்? நானே ட்ரூடிகிட்டப் பேசிட்டேன். இன்னொரு பிரதி போட்டுக் கொடுத்துட்டா. இந்தா."

வெர்லினுக்குக் குடித்த காபி மூக்கு வழியாக வந்தது. ட்ரூடி அம்மாள் தொழிற்சாலையில் சம்பளக் கணக்குப் பார்ப்பவள். சர்ச்சில் லவோனுக்குப் பக்கத்து இருக்கை. இதை யோசிக்காமல் விட்டுவிட்டோமே என்று அவன் தன்னையே மனசுக்குள் நாலு அறை விட்டுக்கொண்டான்.

லவோன் சீட்டை மேஜையில் விரித்துக் கண்ணாடியை மாட்டிக்கொண்டாள். "இதுல ஏகத்துக்குக் கூடுதலா இருக்கே வெர்லின்?"

"தப்பு!" வெர்லின் அலறினான். "தப்பாப் போட்டிருக்காங்க!"

"தப்பா?"

"ட்ரூடிக்கு வயசாயிடுச்சு. யாரோ வாங்கினதை என் தலையில கட்டியிருக்கா."

சரி, போகட்டும் என்று சொல்வாள் என எதிர்பார்த்தான். ஆனால் லவோன் முகத்தில் ஒரு பிரகாசம் வந்தது. அந்தப் பிரகாசத்தைப் பார்த்தால் கடன்காரனும் திரும்பி ஓடுவான்.

"என் புருஷன் தலையிலயா கட்டறாங்க? விட்டேனா பார்!"

"விடு லவோன். சின்ன விஷயம். வரியைக் கட்டித் தொலைச்சுடலாம்."

"வாங்காத காசுக்கு வரியா? நீ வாங்கலைதானே?"

"வாங்கலை."

"சத்தியமா?"

"சத்தியமா."

"அது போதும் எனக்கு. கம்பெனி திருத்தித் தரலைன்னா மாசக் கடைசியில வரி ஆபீசுக்கே போன் போடலாமாம். அவங்க உங்க முதலாளிக்கு நேரா கடுதாசி போடுவாங்களாம். நீ கவலைப்படாதே கண்ணு, நான் இருக்கேன்."

நீ இருக்கிறதுதானே கவலை என்று வெர்லின் நினைத்துக்கொண்டான். அன்று அவனுக்கு ஒரு வாய் இறங்கவில்லை. வரி ஆபீஸ் கடுதாசி முதலாளி கைக்குப் போனால் என்ன ஆகும்? சாவியைக் கொடுத்த மனுஷன். கட்டிப்பிடித்துக் கண்ணைத் துடைத்துவிட்ட மனுஷன். பரிசே வாங்கவில்லை என்று புகார் செய்தவனை வேலையில் வைத்துக்கொள்வாரா? மீன்வீடும் போகும், வேலையும் போகும். மறுநாள் மதியம் ட்ரூடி அம்மாளின் மேஜை முன்னால் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான்.

"அந்த மீன்வீட்டை மட்டும் சீட்டுலேருந்து எடுத்துடுங்களேன், புண்ணியமாப் போகும்."

"எடுக்கணும்னா நீங்க அதை வாங்கியிருக்கக் கூடாது வெர்லின். வாங்கினீங்க. அழுதீங்க. போட்டோ இருக்கு. எடுத்துக் காட்டட்டுமா?"

"வேண்டாம், வேண்டாம்!"

"வெள்ளிக்கிழமை உங்க வீட்டம்மா உங்களைக் கூட்டிக்கிட்டு இங்க வராங்களாமே. தெரியும்தானே?"

அவனுக்கு எப்படித் தெரியும்?

வெள்ளிக்கிழமை வந்தது. உருளைக்கிழங்கும் கறியும் காளான் சூப்பும் போட்டு வேகவைத்த 'ஹாட் டிஷ்' பாத்திரத்தைத் துண்டில் சுற்றி இடுப்பில் ஏந்திக்கொண்டு லவோன் முன்னால் நடந்தாள். வெர்லின் பின்னால். ட்ரூடி அறையில் ஹார்லன் ஏற்கெனவே உட்கார்ந்திருந்தான். துவைத்த சட்டை. தலை சீவியிருந்தான். ஹார்லன் தலை சீவி வெர்லின் பார்த்ததே கிடையாது. அப்போதாவது அவன் சுதாரித்திருக்க வேண்டும்.

"கணக்குப்படி உங்க வீட்டுக்காரருக்கு ஒரு பரிசு விழுந்திருக்கு," என்றாள் ட்ரூடி, முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல். "மீன்வீடு."

"மீன்வீடா! எங்களுக்கா!" லவோன் நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள். "வெர்லின் யூஜின் தோர்ஸன், உனக்கு மீன்வீடு கொடுத்தாங்களா?"

முழுப்பெயரையும் சொல்லிவிட்டாள். கல்யாணத்துக்கு அப்புறம் அவள் முழுப்பெயர் சொன்ன எந்த நாளும் வெர்லினுக்கு நல்லபடியாக முடிந்ததில்லை. வியர்த்தது. ஆனால் மூளையும் வேலை செய்தது. உண்மையைச் சொன்னால் மீன்வீட்டை விற்றுவிடுவாள். இல்லை என்று ஒரேயடியாகச் சாதித்தாலோ? சுவரில் ஹார்லன் பெயர் அல்லவா இருக்கிறது! அடுத்தவன் பெயரில் இருக்கிற வீட்டை லவோன் எப்படி விற்பாள்? வரி கொஞ்சம் கூடிப் போனால் போகட்டும், வீடு தப்பிக்கும். அடடா, அந்தச் சிவப்புப் பெயிண்டுக்கு எத்தனை முத்தம் கொடுத்தாலும் தகும்!

"எனக்கு எந்த மீன்வீடும் கிடையாது," என்றான் நெஞ்சை நிமிர்த்தி.

"கேட்டுக்குங்க ட்ரூடி. அவர் பொய் சொல்ற ஆளே இல்லை. ஏன் ஹார்லன், ஏரியில புதுசா ஒண்ணு நிக்குதாமே, அது யாருது?"

ஹார்லன் விட்டத்தைப் பார்த்தான். "என் பேரு போட்டிருக்கு."

"அவனுதுதான்!" வெர்லின் துள்ளினான். "சுத்தமா அவனுதேதான்! நானே பாத்தேன். எனக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லை!"

"இல்லையே?"

"ஒரு ஆணிகூட என்னுதில்லை!"

லவோன் திருப்தியாகத் தலையாட்டிவிட்டு ட்ரூடி பக்கம் திரும்பினாள். "குலுக்கல்ல மொத்தம் என்னென்ன பரிசு?"

"ரெண்டே ரெண்டுதாம்மா. ஒரு மீன்வீடு, ஒரு அடுப்பு. ஆளுக்கு ஒண்ணு. சண்டை வரக் கூடாதுன்னு முதலாளி ரெண்டையும் ஒரே விலையில பாத்து வாங்கினார்."

"மீன்வீடு ஹார்லனுதுன்னு ஆயிடுச்சு. அப்ப அந்த அடுப்பு?"

வெர்லினுக்குக் காதுக்குள் என்னவோ ஙொய்யென்று கேட்டது.

"உங்க வீட்டுக்காரருதுதான். வேற யாருது?" என்றாள் ட்ரூடி.

"அடுப்பு எங்க ஷெட்லதான் இருக்கு," என்றான் ஹார்லன், இன்னும் விட்டத்தைப் பார்த்தபடி. "இன்னிக்கே எடுத்துக்கலாம்."

"அப்ப சீட்டுல இருக்கிற தொகை?"

"ஒரு சென்ட்கூட மாத்த வேண்டியதில்லை. அச்சுப்பிசகாம சரி."

"பாத்தியா வெர்லின்!" லவோன் அவனைப் பார்த்த பார்வையில் எவ்வளவு வருத்தம்! "வயசாயிடுச்சு, தப்பாப் போடறான்னு ட்ரூடியை வாய்க்கு வந்தபடி பேசினியே. மன்னிப்புக் கேளு."

வெர்லின் கேட்டான்.

வெளியே வந்ததும் ஹார்லனின் சட்டைக் காலரைப் பிடித்தான். "துரோகி! எப்பலேருந்துடா இது?"

"கிறிஸ்துமஸ் மறுநாள்லேருந்து. ஏரியில என் பேரு எழுதியிருக்கிறதை யாரோ போட்டோ எடுத்து சர்ச்சுல காட்டியிருக்காங்க. உங்க வீட்டுத் தபால்பெட்டியில இருக்கிற அதே எழுத்து, அதே பெயிண்டுன்னு லவோன் பாத்த உடனே கண்டுபிடிச்சுட்டா. எதுக்கு ரெண்டு பூச்சு பூசினே?"

"அதுக்காக என்னைக் காட்டிக் கொடுப்பியா?"

"வாராவாரம் ஒரு ஹாட் டிஷ் தரேன்னு சொன்னாடா." ஹார்லன் காலரை விடுவித்துக்கொண்டான். "நான் எவ்வளவு நாள்டா டின் சூப்பையே குடிப்பேன்?"

அன்று சாயங்காலம் இரண்டு பேரும் சேர்ந்து அடுப்பைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். ஹார்லன் முன்பக்கம். வெர்லின் பனியில் வழுக்கிக்கொண்டே பின்பக்கம். இடுப்பு கழன்றே போயிற்று. லவோன் வாசல் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்றாள்.

"காசில்லாம ஒரு அடுப்பு தானா நடந்து வந்திருக்கு வெர்லின். வேண்டாம்னு சொல்லப் போறியா?"

வெர்லின் மூச்சு வாங்கினான். "இல்லை."

ராத்திரிச் சாப்பாட்டுக்கு ஹார்லனும் இருந்தான். முழுசாக வெந்த கோழி. வெண்ணெய் உருகுகிற உருளைக்கிழங்கு. வெர்லினுக்கே நாக்கு ஊறியது, அதுதான் அவனுக்குப் பெரிய ஆத்திரம். சாப்பிட்டு முடித்ததும் லவோன் வரிக் கணக்கை எடுத்துவந்து கையெழுத்துக் கேட்டாள். அதன்மேல் பழுப்பேறிய ஒரு காகிதம் இணைத்திருந்தது. மேஜை முழுக்கப் புழு வாடை அடித்தது.

"முதல்ல தொலைஞ்சுதே, அந்தச் சீட்டு," என்றாள். "ஹார்லன் அவன் மீன்வீட்டைச் சுத்தம் பண்ணறப்ப கிடைச்சுதாம். எப்படித்தான் அங்க போச்சோ!"

வெர்லின் கையெழுத்துப் போட்டான்.

ஹார்லன் மூன்றாவது தடவை கோழி போட்டுக்கொண்டு, "நாளைக்கு மீன் நல்லாக் கடிக்கும்னு சொல்றாங்க," என்றான்.

வெர்லின் தட்டைப் பார்த்துக்கொண்டே, இருக்கிற மானத்தையெல்லாம் விழுங்கிவிட்டு, மெதுவாகக் கேட்டான். "ஹார்லன்... நானும் வரட்டுமா? உன்... மீன்வீட்டுக்கு?"

ஹார்லன் லவோனைப் பார்த்தான். லவோன் புது ஓவனின் கதவை ஒரு விரலால் தள்ளினாள். நாற்காலி எதுவும் இல்லாமல் அது பூப்போல மூடிக்கொண்டது.

"போயிட்டு வரட்டும், பாவம். ஆனா கண்ணு, அடுத்தவங்க வீடு. கதவைத் தட்டிட்டு உள்ள போகணும். உக்கார உன் பழைய வாளியை எடுத்துட்டுப் போ."