கேக்கோடு கடன் முடிக்கப் போன கதை

விசில் ஊதத் தெரிந்தவனுக்கு வட்டிக் கணக்கும் தெரிந்திருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. ஆனால் தெரியாததைத் தெரியாது என்று சொல்லியே ஆக வேண்டும் என்றொரு சட்டம் இருந்திருந்தால், அந்த வெள்ளிக்கிழமை எனக்கு நடந்தது நடந்திராது.

நான் உடற்கல்வி ஆசிரியன். நெல்லியடிப் பக்கத்துப் பாடசாலை ஒன்றில் இருக்கிறேன். மைதானத்தின் இந்த மூலையில் நின்று நான் கத்தினால் அந்த மூலையில் மேய்கிற மாடு நிமிர்ந்து பார்க்கும். என் மனைவி வதனி தாதி. எங்கள் இரண்டு பேரின் சம்பளத்தையும் நம்பி யாழ்ப்பாணத்து வங்கி ஒன்று வீடு கட்ட முப்பது இலட்சம் ரூபாய் கடன் தந்தது. (வங்கியின் பெயர் வேண்டாம். கடன் இன்னும் இருக்கிறது.)

பதினைந்து வருடக் கடன், மாதம் முப்பத்தாறாயிரம் தவணை. கையெழுத்துப் போட்ட அன்று நான் கேட்ட ஒரே கேள்வி, மாதம் எவ்வளவு என்பதுதான். கடைசியில் எல்லாமாக எவ்வளவு என்று கேட்கவில்லை. கேட்டால் எனக்கு ஒன்றும் தெரியாது என்று நினைத்துவிடுவார்களே என்ற பயம்.

கொரோனா வந்தபோது சில மாதங்கள் தவணை கட்டத் தேவையில்லை என்று அறிவித்தார்கள். அரசாங்கம் மனமிரங்கி அந்த மாதங்களை மன்னித்துவிட்டது என்று நினைத்து, மிஞ்சிய காசில் சுவரளவு ரீவி ஒன்று வாங்கினேன். (அந்த மாதங்களுக்கும் வட்டி ஓடிக்கொண்டிருந்தது. அது ஊரடங்குக்கு அடங்கவில்லை.) பிறகு, பெற்றோலுக்கு நாங்கள் வரிசையில் நின்ற காலத்தில், வங்கி முகாமையாளர் கூப்பிட்டார். வட்டி வீதம் ஏறிவிட்டது, தவணையைக் கூட்டுவோமா, அல்லது காலத்தை நீட்டுவோமா என்று கேட்டார்.

"காலத்தை நீட்டுங்கோ" என்றேன், ஏதோ அவருக்கு வரம் கொடுப்பவனைப் போல. வீட்டுக்கு வந்து வதனியிடம், "பாத்தியே, ஒரு சதம் கூட்ட விடேல்லை!" என்று நெஞ்சை நிமிர்த்தினேன். வதனி பாவம், நம்பினாள். தவணைக் காசின் பெரும்பகுதி அவளுடைய மேலதிக நேர வேலையில் இருந்துதான் வந்தது.

இப்படி ஏழரை வருடம் போனது. (சனியன் பிடிக்கிற கணக்கும் அவ்வளவுதான்.) அப்போதுதான் வதனியின் தமையன் குகன் அண்ணை ரொறன்ரோவில் இருந்து விடுமுறைக்கு வந்து எங்கள் வீட்டில் தங்கினார்.

ஒரு நாள் புட்டைக் குழைத்தபடி கேட்டார்.

"மச்சான், வீட்டுக் கடன் இன்னும் எவ்வளவு கிடக்கு?"

பாங்கில் கேட்டுச் சொல்கிறேன் என்று சொல்லியிருக்கலாம். நான் சொல்லவில்லை.

"எடுத்தது முப்பது லட்சம் அண்ணை. இதுவரைக்கும் கட்டினது முப்பது. இனிக் கிடக்கிறது சொச்ச வட்டிதான். ஐஞ்சு லட்சம், கூடிப்போனா ஆறு."

குகன் அண்ணை குழைத்த கையை அப்படியே வைத்துக்கொண்டு வதனியைப் பார்த்தார்.

"அந்த ஆறையும் நான் தாறன். என்ரை தங்கச்சி இனிக் கடன்காரியா இருக்கக்கூடாது."

வதனி அழுதுவிட்டாள். அடுத்த நாளே வேலைக்குப் போய், வரும் மாதத்தில் இருந்து மேலதிக நேரம் செய்யமாட்டேன் என்று வார்டுக்குப் பொறுப்பான சிஸ்டரிடம் சொல்லிவிட்டு வந்தாள். அவளுடைய முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் வெகுகாலமாகப் பார்த்ததில்லை. அந்த வெளிச்சத்துக்கு நான்தான் காரணம் என்பதுபோல வீட்டுக்குள் அங்குமிங்கும் நடந்தேன்.

வெள்ளிக்கிழமை வாடகைக்கு வான் பிடித்துக்கொண்டு புறப்பட்டோம். குகன் அண்ணைக்கு நேர்த்திக்கடன் ஒன்று இருந்ததால் நேர்வழியை விட்டு மருதனார்மடத்துக்குச் சுற்றிப்போய் ஆஞ்சநேயரைக் கும்பிட்டோம். அவர் மடியில் காசுப் பை. என் மடியில் கேக் பெட்டி. வங்கி அலுவலர்களுக்கென்று நானே பேக்கரியில் சொல்லிச் செய்வித்த கேக். அதன்மேல் நீல ஐசிங்கில் "எங்கள் வீடு" என்று எழுதியிருந்தது.

கடன் பிரிவில் இருந்த பெண்பிள்ளை என்னைக் கண்டதும் எழும்பிவிட்டாள். தாரணி. என் பழைய மாணவி. பிந்தி வந்ததற்காக ஒருமுறை மைதானத்தைச் சுற்றி ஓடவிட்டிருக்கிறேன். (பிறகுதான் தெரிந்தது, அன்றைக்குப் பிந்தி வந்தது அவளுடைய பேருந்து.)

"சேர்! இருங்கோ சேர்."

கேக் பெட்டியைத் திறந்து அவளுடைய மேசையின் நடுவில் வைத்தேன். "எல்லாருக்கும்தான் பிள்ளை. முதலிலை எங்கடை கடனை முடிச்சுவிடு. பிறகு வெட்டுவம்."

அவள் இலக்கத்தைக் கேட்டுத் தட்டினாள். திரையைப் பார்த்தாள். திரும்பவும் தட்டினாள். கேக்கைப் பார்த்தாள். அதிலிருந்த எழுத்தை வாசித்தாள் என்று நினைக்கிறேன், ஏனென்றால் பெட்டியை விரலால் மெல்ல என் பக்கம் தள்ளினாள்.

"சேர், முழுக்க முடிக்கவோ வந்தனீங்கள்?"

"ஓம். ஆறு லட்சம் கிடக்கு. மிஞ்சினா கணக்கிலை போட்டுவிடு."

"சேர்..." அவள் குரல் ஓடவிடப்பட்ட நாளில் இருந்த குரலாகிவிட்டது. "மிச்சம் இருபத்தைஞ்சு லட்சம் கிடக்குது சேர்."

ஏசி என் தலைக்கு நேரே ஊதிக்கொண்டிருந்தது. ஆனாலும் முதுகில் வியர்வை இறங்கியது. பக்கத்தில் குகன் அண்ணை பையின் வாரை இறுக்கிப் பிடிப்பது கடைக்கண்ணில் தெரிந்தது. வதனி பக்கம் திரும்ப எனக்குத் துணிவு வரவில்லை.

"வேறை ஆற்றையோ கணக்கைப் பாக்கிறாய் பிள்ளை."

"உங்கடைதான் சேர்."

அதற்குப் பிறகு நான் செய்ததுதான் இன்றைக்கும் என்னைக் கூச வைப்பது. எழும்பி, மைதானத்துக் குரலில், "முப்பது லட்சம் கட்டியிருக்கிறன்! என்ன பகல் கொள்ளையோ இது?" என்று கத்தினேன். காசெண்ணிக்கொண்டிருந்த கை நின்றது. வரிசையில் நின்றவர்கள் எல்லோரும் திரும்பினார்கள். அதில் என் பாடசாலைப் பெற்றோர் இரண்டு பேர் இருந்தார்கள். காவலாளி கதவடியில் இருந்து மெல்ல நகர்ந்து வந்து, என்னைப் பிடிப்பதா கேக்கைப் பிடிப்பதா என்று தெரியாமல் நின்றார்.

முகாமையாளர் வெளியே வந்தார். அதே மனிதர்தான். கோபிக்கவில்லை. ஒரு கதிரையை இழுத்துப் போட்டு எங்களோடு இருந்தார். அதுதான் இன்னும் பயமாக இருந்தது. ஆட்களுக்குக் கெட்ட செய்தி சொல்லத்தான் இப்படி இருப்பார்கள்.

"மாஸ்டர், நீங்கள் கட்டுற தவணையிலை நாங்கள் முதலிலை எடுக்கிறது வட்டி. மிஞ்சிறதுதான் கடனிலை கழியும். முதல் மாசம் முப்பத்தாறாயிரம் கட்டினீங்கள். அதிலை முப்பதாயிரம் வட்டி. கடன் குறைஞ்சது ஆறாயிரம்தான்."

"ஆறாயிரமோ?"

"ஓம். கொரோனாவுக்குக் கட்டாமல் விட்ட மாசங்களின்ரை வட்டியும் ஏறினது. பிறகு வட்டி வீதம் கூடின காலத்திலை, நீங்கள் கட்டினது வட்டிக்கே மட்டுமட்டாத்தான் காணும். கடன் கிட்டத்தட்ட அசையாமல் நிண்டது. அப்பதான் தவணையைக் கூட்டுவமோ எண்டு கேட்டனான். நீங்கள்தான் காலத்தை நீட்டச் சொன்னனீங்கள்."

வதனி மெதுவாக என் பக்கம் திரும்பினாள். நான் கேக்கைப் பார்த்தேன்.

"தங்கச்சி" என்றாள் தாரணியிடம். "இப்பிடியே போனா எல்லாமா எவ்வளவு கட்டி முடிப்பம்?"

நான் ஏழரை வருடத்துக்கு முன்னர் கேட்டிருக்க வேண்டிய கேள்வி.

"இன்னும் பத்து வருசம் அக்கா. கட்டினதையும் சேர்த்தா... எழுபத்து மூண்டு லட்சமளவிலை வரும்."

வதனி மடியில் கிடந்த தன் கைகளைப் பார்த்தபடி இருந்தாள். பிறகு ஒருவரையும் பார்க்காமல், "அப்ப நான் இரவிரவா முழிச்சதெல்லாம் வட்டிக்கோ?" என்றாள்.

அவள் என்னைத் திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். முகாமையாளர் கூடத் தலையைக் குனிந்துகொண்டார். நான் வாய்க்கு வந்ததைக் கேட்டேன்.

"அப்ப இவ்வளவு காலமும் கட்டினதுக்கு, அந்த வீட்டிலை எதுதான் எங்கடை?"

வதனி நிமிராமலே பதில் சொன்னாள்.

"முப்பதிலை ஐஞ்சு. ஆறிலை ஒரு பங்கு. குளியலறை."

தாரணிக்குச் சிரிப்பு வெடித்துவிட்டது. உடனே வாயைப் பொத்திக்கொண்டு, "சொறி சேர், சொறி சேர்" என்றாள். திரும்பவும் ஓடவிட்டுவிடுவேன் என்று நினைத்தாளோ என்னவோ.

சிரிக்காத ஒருவர் இருந்தார். குகன் அண்ணை. அவருடைய முகம் என் முகத்தைவிட வெளிறியிருந்தது.

"பிள்ளை" என்றார் மெல்ல. "இந்த முதலிலை வட்டி எடுக்கிற வேலை இஞ்சை மட்டுமோ, எல்லா இடமும் இப்பிடியோ?"

"எல்லா இடமும் இப்பிடித்தான் அங்கிள்."

"இடையிலை வீட்டைத் திருப்பி ஈடு வைச்சுக் காசெடுத்தா?"

"திரும்பவும் அடியிலை இருந்து துவங்கின மாதிரி."

அவர் எழும்பிப் பையோடு வெளியே போய்விட்டார். கண்ணாடிக்கு வெளியே கைபேசியைக் காதில் வைத்தபடி வெயிலில் நடந்தார். பிறகுதான் அறிந்தோம், அவர் தன் ரொறன்ரோ வீட்டை மூன்று தடவை திருப்பி ஈடு வைத்திருக்கிறார்: நிலக்கீழ்த் தளம் கட்ட ஒருமுறை, கார் வாங்க ஒருமுறை, மகள் பெரியபிள்ளையான சாமத்திய வீட்டுக்கு ஹெலிகொப்டர் பிடிக்க ஒருமுறை. அந்தக் கடன் முடிய இன்னும் எவ்வளவு காலம், எவ்வளவு மிச்சம் என்று தன் மனைவியைக் கேட்கத்தான், அங்கே அவ நித்திரையில் இருந்த நேரத்தில் எழுப்பியிருக்கிறார். மறுமுனையில் என்ன பதில் வந்ததோ, அவர் வங்கியின் படியில் குந்திவிட்டார்.

உள்ளே நாங்கள் காத்திருந்தோம். அந்த ஆறு இலட்சமும் வானில் ஏறித் திரும்பிப் போகப் போகிறது என்று நான் முடிவே கட்டிவிட்டேன். அவர் திரும்பி வந்தபோது வதனி முந்திக்கொண்டாள்.

"அண்ணை, காசை நீங்கள் கொண்டுபோங்கோ. அங்கை உங்களுக்குத் தேவை. எங்கடையை நாங்கள் பாப்பம்."

அப்போது தாரணிதான், என்னைப் பார்க்காமல், வதனியிடம் மெல்லச் சொன்னாள்.

"அக்கா, இந்த ஆறு லட்சத்தையும் இண்டைக்குக் கட்டினா அது முழுக்கக் கடனிலைதான் கழியும். வட்டிக்குப் போகாது. பத்து வருசம் எண்டது ஆறேகால் வருசமாகும்."

வதனியின் தலை நிமிர்ந்தது. "கிட்டத்தட்ட நாலு வருசத் தவணையோ குறையுது?"

"ஓம் அக்கா. பதினாறு லட்சம் மட்டிலை."

குகன் அண்ணை பையைத் தூக்கி மேசையில் வைத்தார், கேக்குக்குப் பக்கத்தில். "எண்ணுங்கோ பிள்ளை" என்றார். பிறகு தங்கையிடம், "என்ரை வீட்டைத்தான் நான் விளங்காமல் வைச்சிருக்கிறன். உன்ரையாவது உருப்படட்டும்" என்றார். வதனி இரண்டாவது தடவை அழுதாள். இந்தமுறை நான் பெருமைப்படவில்லை. காசு கட்டிய பற்றுச்சீட்டில் எங்கே கையெழுத்து வைப்பது என்று வதனியைக் கேட்டு வைத்தேன்.

புறப்படும்போதுதான் கேக் ஞாபகம் வந்தது. திருப்பிக் கொண்டுபோகவும் முடியாது, விட்டுவிட்டுப் போகவும் முடியாது. வதனி கத்தியை வாங்கித் தானே வெட்டினாள். "எங்கள்" என்ற துண்டு முகாமையாளருக்குப் போனது. காவலாளிக்கு இரண்டு துண்டு கொடுத்தாள். "சாப்பிடுங்கோ, உவர் கத்தினதுக்கு" என்றாள்.

வான் புறப்பட்டதும் அவள் பொறுப்பான சிஸ்டருக்கு அழைப்பெடுத்தாள். "இல்லை சிஸ்டர், அந்த மேலதிக நேரத்தை வெட்ட வேண்டாம். ஓம், செய்வன்" என்றாள். அடுத்த வாரம் ரீவியை விற்றேன். பின்னேரங்களில் கட்டணத்துக்குப் பட்மின்டன் பழக்கத் தொடங்கினேன். அந்தக் காசு நேரே கடனுக்குப் போகிறது. வதனியின் இரவு வேலையில் பாதி குறைந்திருக்கிறது, மீதிப் பாதிக்கு நான் இன்னும் பந்தடித்துக்கொண்டிருக்கிறேன்.

கடன் விடயம் இப்போது முழுக்க வதனியின் கையில். அவளுடைய கணக்குப்படி, தவணைக்குமேல் கொஞ்சம் சேர்த்துக் கட்டும்போதெல்லாம் வீட்டில் ஒரு துண்டு மீளும். குகன் அண்ணையின் காசில் குசினியும் ஓர் அறையும் வந்தன. போன தைப்பொங்கலுக்குச் சாமியறையை மீட்டோம். (அதுவரை வங்கியின் இடத்தில் இருந்த கடவுள் ஒன்றும் குறைசொல்லவில்லை.) நான் குளிக்கும்போது பாடினால், "அப்பா சொந்த வீட்டிலை நிண்டு பாடுறார்" என்று மகள் அபி வருகிறவர் போகிறவர் எல்லோருக்கும் சொல்கிறாள். விறாந்தையில் நின்று நான் சத்தம் போட்டால், "அது பாங்கின்ரை இடமப்பா, மெல்லக் கதையுங்கோ" என்கிறாள்.

ஞாயிறு தோறும் குகன் அண்ணை அழைப்பெடுப்பார். சுகம் விசாரிக்க முதலே கேட்பார்.

"மச்சான், எத்தினை அறை?"

"சாமியறையோடை நாலு அண்ணை. உங்கடை பக்கம் என்ன மாதிரி?"

அந்தப் பக்கம் கடதாசி புரட்டும் சத்தம் கேட்கும்.

"கராஜ் கதவு" என்பார். பிறகு, நியாயமான மனிதர் என்பதால், தானே திருத்திக்கொள்வார். "கதவில்லை மச்சான். அதின்ரை ரிமோட்."