சம்பந்தி அனுப்பிய சுவரொட்டிகள்

மதிப்பிற்குரிய சம்பந்தி விஜயன் அவர்களுக்கு, ஜொகூர் பாருவிலிருந்து காளியப்பன் வணக்கத்துடன் எழுதுவது.

இங்கு நானும் மனைவி செல்லமும் மகள் பிரவீனாவும் நலம். தாங்களும் சம்பந்தியம்மா செல்வராணி அவர்களும் அவ்வண்ணமே இருக்க வேண்டுகிறோம். மாப்பிள்ளை ஞாயிற்றுக்கிழமை சிங்கப்பூரிலிருந்து பாலம் தாண்டி வந்து தோசை சாப்பிட்டுவிட்டுப் போனார். நான் நலம் என்பதை மட்டும் தயவுசெய்து இரண்டு முறை படியுங்கள், காரணம் கீழே வருகிறது. தொலைபேசியில் நீங்கள் என்னைப் பேச விடமாட்டீர்கள் என்பதால் கடிதம்.

எனக்கு ஓட்டுக் கேட்க விமானம் ஏறி வருகிறேன் என்றீர்களே, வரவேண்டாம். நிச்சயதார்த்தத்தன்று நீங்கள் மூன்று முறை நின்று ஜெயித்த வார்டு உறுப்பினர் என்று பந்தியில் இலைக்கு இலை சொல்லிக்கொண்டே வந்தீர்கள், எனக்குப் பொறுக்கவில்லை, நானும் எங்கள் மாநகர் மன்றத்துக்கு உறுப்பினராகப் போகிறேன் என்று சொல்லிவிட்டேன். "எத்தனை ஓட்டுல ஜெயிப்பீங்க?" என்று கேட்டீர்கள். வாயில் பாயசம் இருந்தது. இப்போது பதில் சொல்கிறேன்: இங்கே மன்றத்துக்குத் தேர்தலே கிடையாது. அறுபதுகளில் நிறுத்தினார்கள், நிறுத்தியதுதான். கட்சிகள் பெயர் கொடுக்கும், மாநில அரசு நியமிக்கும், மேயரும் அப்படியே. என் பெயரையும் கிளைத் தலைவர் கேட்டு வைத்திருக்கிறார். ஆகவே வீடு வீடாகப் போய்க் கும்பிட வேண்டியதில்லை, ஒரே ஒரு வீட்டில் போய்க் கும்பிட்டால் போதும்.

இது தெரியாமல் மாப்பிள்ளையின் சிநேகிதர் கையில் ஒரு கட்டுச் சுவரொட்டி அனுப்பிவிட்டீர்கள். உங்கள் அன்பு புரிகிறது, ஆனால் அந்தப் படம்! நிச்சயதார்த்தத்தில் நீங்கள் எனக்குப் போட்ட ரோஜா மாலையோடு நான் கைகூப்பி நிற்கிறேன். அதையும் சிக்கனமாகக் கறுப்பு வெள்ளையில் அடித்து, கீழே "மக்கள் மனத்தில் என்றும் வாழும் காளியப்பன்" என்று போட்டிருக்கிறீர்கள். சிநேகிதர் நல்ல பிள்ளை, எங்களைக் கேட்காமலே எங்கள் குடியிருப்பு, இந்தத் தாமான் முழுக்க விளக்குக் கம்பம் விளக்குக் கம்பமாக ஒட்டிவிட்டுப் போய்விட்டார். நானோ அன்று பூச்சட்டி வாங்க ஆயர் ஈத்தாம் போயிருந்தேன். கைப்பேசி சமையலறையில் இருந்தது.

திரும்பி வந்து பார்த்தால் கேட்டுக்கு வெளியே செருப்பு மலை. கோயிலிலிருந்து பிளாஸ்டிக் நாற்காலி வந்து இறங்கிவிட்டது. எதிர்வீட்டு மேடம் லிம், சீனர் வழக்கப்படி துக்கப் பணம் வைத்த வெள்ளை உறையோடு நிற்கிறார். பக்கத்து வீட்டு பாக் ஹாமிட் எல்லாரிடமும், "நல்ல மனுஷன், மழையில என் மோட்டார் நின்னப்ப குடை பிடிச்சவரு" என்கிறார். உள்ளே செல்லம், போன் எடுக்காத நான் நெடுஞ்சாலையில் போய்ச் சேர்ந்துவிட்டேன் என்றே நம்பி அழுகிறாள். நான் பூச்சட்டியைக் கட்டிப்பிடித்தபடி நின்று அத்தனையும் கேட்டேன். உள்ளதைச் சொல்கிறேன் சம்பந்தி, கண் கலங்கிவிட்டது. என்னை நாலு பேருக்குப் பிடிக்குமா என்பது இந்த வயது வரை எனக்குத் தெரியாது, நியமனத்தில் அது தெரிய வழியுமில்லை. இதுக்குத்தான் நீங்க மூணு தடவ நின்னீங்களோ என்று அப்போதுதான் புரிந்தது.

மேடம் லிம் என்னைப் பார்த்து, "அலமாக், அங்கிள், நீங்க இன்னும் இருக்கீங்களா?" என்றார். குரலில் கொஞ்சம் குறை இருந்தது. உறையைக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டார். பாக் ஹாமிட், "இருக்கீங்கல்ல, அப்ப பின்னால லோங்காங்ல சாக்கடைத் தண்ணி அடைச்சிருக்கு, பாருங்க" என்றார். செல்லம் ஓடிவந்து என் தோளைப் பிடித்து உலுக்கி, "போன வீட்டுல வச்சிட்டுப் போறீங்களே, அறிவிருக்கா?" என்று கேட்டாள். மறுநாள் மன்றத்து ஆட்கள் இரண்டு பேர் வந்தார்கள், அனுமதியில்லாத சுவரொட்டிகளை எடுக்கச் சொன்னார்கள். ஒருவர் படத்தைப் பார்த்து எனக்கே அனுதாபம் தெரிவித்தார். ஏணி போட்டு என்னை நானே கம்பம் கம்பமாகக் கிழித்து இறக்கினேன். அன்றோடு பிரசாரத்துக்கு ஒரு கும்பிடு போட்டாயிற்று. நியமனம் வந்தால் வரட்டும், வராவிட்டால் பூச்சட்டி இருக்கிறது. நீங்கள் கல்யாணத்துக்கு வந்தால் போதும்.

எல்லாம் வல்ல முருகன் இரு குடும்பத்தையும் காக்கட்டும். சம்பந்தியம்மாவுக்கு எங்கள் அன்பு.

இப்படிக்கு,
உயிருடன்,
காளியப்பன்

பி.கு.: உறையை ஒட்டப்போன நேரத்தில் ஒரு சேதி. எங்கள் தாமான் சார்பில் ஒரு பெயர் பரிந்துரைக்கலாம் என்று சட்டமன்ற உறுப்பினர் சொல்லிவிட்டாராம், அடுத்த மாதம் குடியிருப்பாளர் சங்கத்தில் ஓட்டெடுப்பு. நிஜமான ஓட்டு, சீட்டு, பெட்டி எல்லாம். நான் பெயர் கொடுத்தேன். எனக்கு எதிராகச் செல்லமும் பெயர் கொடுத்துவிட்டாள். அன்று அவள் அழுததைப் பார்த்த தாமான் மொத்தமும் அவள் பக்கம். அனுதாப அலை என்பீர்களே, அது இங்கே ஆள் உயிரோடு இருக்கும்போதே அடிக்கிறது. ஆகவே மேலே எழுதியதை எல்லாம் மறந்துவிட்டு உடனே புறப்பட்டு வாருங்கள். சுவரொட்டி கலரில் வேண்டும், மாலை வேண்டாம். சம்பந்தியம்மாவிடம் மட்டும் மூச்சு விடாதீர்கள். தினமும் வீடியோவில் வந்து செல்லத்துக்குப் பிரசாரம் சொல்லிக் கொடுப்பதே அவர்தான், உங்களுக்கு மூன்று முறை ஓட்டுக் கேட்டதும் அவர்தானாம். அவர் டிக்கெட் எடுத்தாயிற்று. விமானத்தில் பக்கத்து இருக்கை யாருடையது என்று பார்த்துப் பேசவும்.